மேற்படியார் உட்கார்ந்த இடங்கள்

அமைதிப் பேச்சுவார்த்தைக்குப் போவதாக இருந்தால் முதலில் வயிறாரச் சாப்பிட்டுவிட்டுப் போங்கள். பசியோடு உட்கார்ந்திருக்கும் அதிகாரி இரண்டு மணிக்கு மேல் எதற்கும் தலையாட்டுவான். யார் அதிகமாகக் கத்துகிறார்களோ அவர்கள் பக்கமே நியாயம் இருப்பதாக அவனுக்குத் தோன்றத் தொடங்கிவிடும். இதை எனக்குச் சொன்னது பயிற்சி நிலையம் அல்ல, மேலதிகாரியும் அல்ல. எதிர் நாற்காலியில் உட்கார்ந்திருந்த ஆள்தான் சொன்னார். "சார், நீங்க இட்லி சாப்பிட்டுட்டு வாங்க, நாங்க இருக்கோம். வெறும் வயித்தோட நீங்க சொல்லுத தீர்ப்பு எங்களுக்கு வேண்டாம்" என்றார்.

வருவாய்த் துறைக்குப் புதிதாக வந்திருக்கும் உங்களுக்கு அனுபவத்திலிருந்து ஏதாவது பேச வேண்டும் என்று கூப்பிட்டிருக்கிறார்கள். பட்டா, சிட்டா, சான்றிதழ் எல்லாம் கணினியில் என்னைவிட வேகமாகச் செய்கிறீர்கள். அதில் நான் சொல்ல ஒன்றும் இல்லை. தாலுகா அலுவலகங்களில் கழிந்த என் வாழ்க்கையில் சொல்லும்படியாக இருப்பது ஒரே ஒரு மனிதர். அவரைப் பற்றிச் சொல்கிறேன்.

கோப்புகளில் அவர் பெயர் மேற்படியார். மனுவின் முதல் வரியில் மட்டும் பெயர் வரும். அதற்குப் பிறகு மேற்படியார், மேற்படியார் என்றே போகும். அவரைப் பற்றிய கோப்பு தலையணை அளவுக்குத் தடித்து, பெயர் இருந்த முதல் பக்கம் எப்போதோ கிழிந்து போய்விட்டது. அதனால் அலுவலகம் முழுவதும் அவரை அப்படியே அழைத்தது. "மேற்படியார் வந்திருக்காவ சார்" என்று பியூன் வந்து சொன்னால், எங்கள் தாசில்தார் ஒருவருக்கு உடனே கழிப்பறைக்குப் போக வேண்டியிருக்கும். நானும் அவரை அந்தப் பெயரிலேயே சொல்கிறேன். ஊர் பெயரும் வேண்டாம். தாமிரபரணிக் கரையில் நெல் விளையும் ஒரு ஊர் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

அந்த ஊரின் காலனித் தெருவில் பிறந்தவர். பத்தாவது வரை படித்துவிட்டு விக்கிரமசிங்கபுரத்துப் பக்கம் நூல் ஆலையில் வேலைக்குச் சேர்ந்தார். சைக்கிளில் போய்ச் சைக்கிளில் வருவார். கஞ்சி போட்டுத் தேய்த்த சட்டை, கழுத்துப் பொத்தான் வரை மாட்டியிருக்கும். பையில் ஒரு சீப்பு. கைது செய்ய வந்த சப் இன்ஸ்பெக்டரை நிறுத்தி வைத்துவிட்டுத் தலை சீவிக்கொண்டதை நானே பார்த்திருக்கிறேன். கையெழுத்து அச்சு மாதிரி இருக்கும். ஆனால் மேடையேறினால் நாக்கு ஒட்டிக்கொள்ளும். பாடுவார், அது அதைவிட மோசம்.

அவருடைய போராட்ட வாழ்க்கை எப்படித் தொடங்கியது என்று இப்போது மேடைகளில் வீராவேசமாகப் பேசுகிறார்கள். என்னிடம் அவர் சொன்னது வேறு. அந்த ஊர் டீக்கடை பெஞ்சில் காலனிக்காரர்கள் உட்காரக் கூடாது. தள்ளி நின்றுதான் குடிக்க வேண்டும். ஒருநாள் ஷிப்டு முடிந்து காலையில் வந்தவர் பெஞ்சில் உட்கார்ந்து அப்படியே தூங்கிவிட்டார். கண் விழித்தபோது சுற்றிலும் முப்பது பேர் நின்றுகொண்டிருந்தார்கள்.

"புரட்சியெல்லாம் ஒண்ணுமில்ல சார், தூக்கம்" என்றார். "முழிச்சதும் பயந்துட்டேன். எந்திரிச்சு ஓடலாம்னுதான் பாத்தேன். கால் மரத்துப் போயிருந்துச்சு, எந்திரிக்க முடியல. சரி, எந்திரிக்க முடியாதவன் டீயாவது குடிப்போம்னு ஒரு டீ சொன்னேன்."

கடைக்காரர் டீ கொடுக்கவில்லை. முதுகில் இரண்டு அடி விழுந்தது. மறுநாள் காலையில் தூக்கமில்லாமலே வந்து அதே பெஞ்சில் உட்கார்ந்தார். அதற்கு மறுநாளும் உட்கார்ந்தார். அடிக்கும்போது கையை மடியில் வைத்துக்கொள்வாராம். திருப்பி அடிக்கக் கூடாது என்ற கொள்கை எங்கிருந்து வந்தது என்று கேட்டேன். "திருப்பி அடிச்சா சண்டைங்கான். சண்டைன்னா ரெண்டு பேரு மேலயும் கேசு. நான் உக்காரத்தான் வந்தேன், சண்டைக்கு வரல" என்றார். மூன்று மாதம் கழித்துக் கடைக்காரருக்கே அலுத்துப் போய் டீ கொடுத்துவிட்டார்.

அவர் மனைவி பாக்கியம் அரசு ஆஸ்பத்திரியில் ஆயாவாக இருந்தார். கணவரைப் பெரிய ஆள் என்று யாராவது சொன்னால் அந்த அம்மாவுக்குச் சிரிப்பு வந்துவிடும். "வீட்ல குடிச்ச தம்ளரை எடுத்து வைக்க மாட்டாரு, டீக்கடை தம்ளருக்குப் போராடப் போயிருக்காரு" என்பார்.

இனி என் பாவத்துக்கு வருகிறேன்.

அப்போது நான் வருவாய் ஆய்வாளர். வயது முப்பதுக்குள். அந்த ஊர்ப் படித்துறையில் காலனிக்காரர்கள் இறங்கக் கூடாது. கீழே, சாக்கடை கலக்கும் இடத்தில்தான் குளிக்க வேண்டும். வருகிற வியாழக்கிழமை நாற்பது பேர் துண்டும் சோப்புமாகப் படித்துறையில் இறங்கப் போவதாக மேற்படியார் மனு கொடுத்தார். அனுமதி கேட்கவில்லை, தகவல் சொன்னார். எங்கள் தாசில்தாருக்கு அந்த மாதம் மகள் கல்யாணம். "எப்படியாவது தள்ளிப் போடச் சொல்லும்வே" என்று என்னை அனுப்பினார்.

எப்படியாவது என்ற சொல்லை மேலதிகாரி வாயிலிருந்து கேட்டால் நீங்கள் உஷாராகிவிட வேண்டும். எனக்கு அந்தப் புத்தி இல்லை. நேராகப் போய், சப் கலெக்டர் உத்தரவு போட்டுவிட்டார், படித்துறை பொது என்று எழுதிவிட்டார், பத்து நாளில் கைக்கு வந்துவிடும், அதுவரை பொறுங்கள் என்றேன்.

மேற்படியார் என்னைப் பார்த்தார். "கையெழுத்து ஆயிட்டா சார்?"

"ஆயிட்டு."

"நீங்க பாத்தியளா?"

"பாத்தேன்."

அப்படி ஒரு தாளே உலகத்தில் இல்லை. அவர் நம்பிவிட்டார், அல்லது நம்புவது என்று முடிவு செய்துகொண்டார். வியாழக்கிழமை யாரும் ஆற்றில் இறங்கவில்லை. தாசில்தார் என் தோளைத் தட்டினார். எனக்கு நல்ல எதிர்காலம் இருப்பதாகச் சொன்னார்.

பத்து நாள் போனது. பதினைந்தும் போனது. ஊரில் அவரைக் கேலி செய்தார்கள். காலனி இளைஞர்களில் சிலர், விலை போய்விட்டார் என்று முகத்துக்கு நேராகவே சொன்னார்கள். பதினாறாம் நாள் காலை பத்து மணிக்கு அவர் எங்கள் அலுவலகத்துக்கு வந்து, என் மேசைக்கு எதிரே இருந்த பெஞ்சில் உட்கார்ந்தார். ஒன்றும் பேசவில்லை. நான் தலையைக் குனிந்து எழுதினேன். மத்தியானம் சாப்பிடப் போனார், திரும்பி வந்து உட்கார்ந்தார். ஐந்து மணிக்கு எழுந்து, "வாரேன் சார்" என்று மட்டும் சொல்லிவிட்டுப் போனார். மறுநாளும் அப்படியே. அதற்கு மறுநாளும். பக்கத்து மேசைக்காரர் என்னிடம், அவருக்கு என்னவே வேண்டுமாம் என்று கேட்க ஆரம்பித்துவிட்டார். நான்காம் நாள் என்னால் முடியவில்லை. எழுந்து நின்று கத்தினேன்.

"என்னதான் வேணும் உமக்கு? இது ஆபீஸா, பஸ் ஸ்டாண்டா?"

அவர் மெதுவாகச் சொன்னார். "ஒண்ணுமில்ல சார். நீங்க பாத்த அந்தக் கையெழுத்து பச்சை மசியா, நீல மசியா? பயலுவ கேக்கானுவ."

உட்கார்ந்தேன். அப்புறம், "நான் பார்க்கல" என்றேன்.

"தெரியும்" என்றார் அவர். "அதை நீங்க வந்து எங்க ஆளுககிட்ட சொல்லணும். நான் சொன்னா, அதிகாரி மேல பழி போட்டுத் தப்பிக்கான்னு சொல்லுவாவ."

அன்று சாயங்காலம் அவர் சைக்கிளின் பின்னாலேயே என் சைக்கிளில் போனேன். வழியெல்லாம் திரும்பி ஓடிவிடலாமா என்றுதான் யோசித்தேன். நானும் அந்த ஊர் மேல்சாதிக்காரர்களின் பெரிய தெருவைப் போன்ற ஒரு தெருவில் பிறந்தவன்தான். காலனித் தெருவில் நின்று மன்னிப்புக் கேட்டான் என்று தெரிந்தால் என் சொந்தக்காரர்கள் என்ன சொல்வார்கள் என்பதே பெரிய பயமாக இருந்தது. குழாயடிக்குப் பக்கத்தில் கூட்டம் கூடியிருந்தது. "உத்தரவு வந்துவிட்டதாக நான் பொய் சொன்னேன். இவர் மேல் தப்பில்லை" என்றேன்.

பாக்கியம்தான் முதலில் பேசினார். கணவரைப் பார்த்து, "இந்த ஒரு வார்த்தைக்கா நாலு நாளு ஆபீஸ் பெஞ்சைத் தேச்சீரு? வேட்டி என்னத்துக்கு ஆகும்?" என்றார். யாரோ சிரித்தார்கள். பிறகு எல்லோரும் சிரித்தார்கள். என்னைப் பார்த்து, "சார், பொய் சொன்ன வாய் காஞ்சிருக்கும், தண்ணி குடிங்க" என்று ஒரு செம்பை நீட்டினார். குடித்தேன். அந்தத் தெருவில் நான் குடித்த முதல் தண்ணீர் அதுதான். அதற்கு முன் இரண்டு வருடமாக அந்த ஊரின் ஆய்வாளராக இருந்திருக்கிறேன் என்பதையும் கணக்கில் எடுத்துக்கொள்ளுங்கள்.

அடுத்த வியாழக்கிழமை நாற்பது பேரும் படித்துறைக்கு வந்தார்கள். தாசில்தாரிடம் இனி என்னால் தள்ளிப் போடச் சொல்ல முடியாது என்று சொல்லிவிட்டதால், தண்டனை மாதிரி என்னையே காவலுக்கு நிற்க வைத்திருந்தார். கூட இரண்டு போலீஸ்காரர்கள். இவர்கள் படியிறங்க ஆரம்பித்ததும் குளித்துக்கொண்டிருந்த பெரிய தெருக்காரர்கள் எல்லோரும் கரையேறிவிட்டார்கள். ஒரே ஒரு பெரியவர் மட்டும் நின்றுகொண்டிருந்தார். முகமெல்லாம் சோப்பு. கண்ணைத் திறக்க முடியவில்லை.

"லே, யாருலே அங்கன? அந்தச் செம்பை எடு" என்றார்.

மேற்படியார் செம்பை எடுத்து அவர் கையில் கொடுத்தார். பெரியவர் தலையில் ஊற்றிக்கொண்டு கண்ணைத் திறந்தார். தன் ஆட்கள் கரைமேல் நிற்பதைப் பார்த்தார். எதிரே மேற்படியாரைப் பார்த்தார். போலீஸ்காரர் லத்தியை இறுக்கிப் பிடித்தார். பெரியவர் திரும்பி முதுகைக் காட்டினார்.

"வந்ததுதான் வந்துட்டே. முதுகுல சோப்பு போயிட்டான்னு பாரு" என்றார்.

இந்த ஒரு நிகழ்ச்சியோடு ஊர் திருந்திவிட்டது என்று நினைத்துவிடாதீர்கள். அந்தப் பெரியவரைச் சொந்த மகனே ஒரு மாதம் பேசாமல் ஒதுக்கி வைத்தான். படித்துறையில் ஆளுக்கொரு நேரம் என்று கொஞ்ச காலம் ஓடியது. பிறகு ஒரு கோடையில் ஆற்றில் முழங்கால் தண்ணீர்தான் ஓடியது. தண்ணீர் இருந்த இடம் அது ஒன்றுதான். நேரம் பார்த்துக் குளிக்க யாருக்கும் பொறுமை இல்லாமல் போனது.

பல வருடம் கழித்து நான் அதே தாலுகாவுக்குத் தாசில்தாராக வந்தேன். மேற்படியார் ஆலையிலிருந்து ஓய்வு பெற்றிருந்தார். அதாவது எங்கள் அலுவலக பெஞ்சில் உட்கார முழுநேரமும் கிடைத்திருந்தது. இப்போது விஷயம் சுடுகாட்டுப் பாதை.

காலனியில் யாராவது இறந்தால் உடலைப் பெரிய தெருவின் தார்ச்சாலை வழியாகக் கொண்டுபோகக் கூடாது. வயல் வரப்பில்தான் சுமந்து போக வேண்டும். மழைக்காலத்தில் வரப்பு முழுகிவிடும். ஒரு வருடம் பாடை சாய்ந்து, ஒரு கிழவரின் உடல் நடவு வயலில் விழுந்தது. மேற்படியார் நீதிமன்றம் போனார். அது பொதுச் சாலை, யார் உடலையும் கொண்டுபோகலாம் என்று உத்தரவு வந்தது. ஆனால் உத்தரவு வந்த பிறகும் இறந்தவர் வீட்டார் பயந்துகொண்டு வரப்பு வழியாகவே போனார்கள். அவர்களைக் குறை சொல்ல முடியாது. சாவு வீட்டில் இருப்பவனிடம் போய் உரிமைக்காக நில் என்று யார் சொல்வது? உத்தரவு என் பீரோவில் பத்திரமாகத் தூங்கியது. நானும் அதை எழுப்பவில்லை.

ஐப்பசியில் ஒருநாள் காலை, நல்ல மழை. பாக்கியம் இறந்துவிட்டார் என்று தகவல் வந்தது. கூடவே இன்னொரு தகவலும் வந்தது: சாலை வழியாகத்தான் எடுக்கப் போகிறார்கள்.

ஒன்பது மணிக்குள் பெரிய தெரு முனையில் வேலிக்காத்தான் முள்ளை வெட்டிப் போட்டுவிட்டார்கள். இருநூறு பேர் கம்போடு நிற்பதாகக் கிராம நிர்வாக அலுவலர் போன் செய்தார். டி.எஸ்.பி. இரண்டு வேன் போலீசோடு வந்தார். மேலிருந்து எனக்குப் போன் வந்தது. "அவரே துக்கத்துல இருக்கார். நீங்க பழக்கமான ஆள். பக்குவமாப் பேசி இந்த ஒரு தடவை மட்டும் வயல் வழியா அனுப்பிடுங்க."

அப்போது அது நியாயமாகத்தான் பட்டது. நீங்களும் இந்த இடத்துக்கு ஒருநாள் வருவீர்கள். இந்த ஒரு தடவை மட்டும் என்பதைவிட நியாயமாகத் தோன்றும் வாக்கியம் நம் துறையில் கிடையாது. போனேன். கூடத்தில் பாக்கியத்தைக் கிடத்தியிருந்தார்கள். மேற்படியார் பக்கத்தில் தரையில் உட்கார்ந்திருந்தார். குனிந்து, காதருகே, சொல்ல வந்ததைச் சொன்னேன்.

அவர் கோபப்படவில்லை. "சார், ஊர்ல செத்த எல்லாருக்கும் நான் ரோடு கேட்டேன். எம் பொண்டாட்டிக்கு மட்டும் வயக்காடு போதும்னா, அவ என்னைய என்ன நெனைப்பா?"

குனிந்திருந்தவன் நிமிர்ந்தேன்.

"இத்தனை வருசத்துல அவ எங்கிட்ட கேட்டது ரெண்டே ரெண்டு. அடுப்படிக்கு ஒரு ஜன்னல் வையும்னா. அதை நான் வைக்கல, மனு எழுத நேரம் சரியாப் போச்சு. என்னைய ரோட்டு வழியாக் கொண்டு போம்னா. இது ரெண்டாவது." பாக்கியத்தின் முகத்தைப் பார்த்தார். "எவனாவது கைநீட்டினா, பாடையில இருந்து எந்திரிச்சு வீட்டுக்குத் திரும்பிருவேன்னும் சொல்லியிருக்கா. செய்யக்கூடியவதான்."

அந்த வீட்டில் நின்றபோது எனக்கு என்மேலேயே வெறுப்பாக இருந்தது. அதை யாரிடமும் காட்டிக்கொள்ள நேரமில்லை. பதினொரு மணிக்குப் பாடை கிளம்பியது.

முள் கிடந்த இடத்துக்கு இருபதடி முன்னால் வந்ததும் ஒரு கல் பறந்து வந்தது. மேற்படியாரின் காதோரம் கிழித்துக்கொண்டு போனது. வெள்ளைச் சட்டையில் ரத்தம். பின்னால் நின்ற காலனி இளைஞர்கள் ஒரே சத்தமாகக் கத்தினார்கள். பத்துப் பேர் குனிந்து கல்லைத் தேடினார்கள். டி.எஸ்.பி. கையைத் தூக்கிவிட்டார். அந்த ஒரு கணத்தில் எல்லாமே முடிந்து போயிருக்கும்.

மேற்படியார் திரும்பி, "எறிஞ்சவன் கோட்டிப்பய. இருபதடியில நிக்குத ஆளைக் குறி பார்க்கத் தெரியல" என்றார். கல்லைத் தேடிய ஒருவனுக்கு அடக்க முடியாமல் சிரிப்பு வந்துவிட்டது. சிரித்தவனால் கல்லை எறிய முடியவில்லை. "பாடையைப் பைய இறக்குங்க. எல்லாரும் உக்காருங்கலே. எவன் நிக்கானோ அவன் என் ஆளு இல்ல" என்றார். நடுச்சாலையில், மழையில், பாடையைச் சுற்றி நூற்றைம்பது பேர் உட்கார்ந்தார்கள்.

மணி ஒன்றானது. இரண்டானது. பாக்கியத்தின் மேல் பிடித்திருந்த தார்ப்பாயில் தண்ணீர் தேங்கித் தேங்கி வழிந்தது. டி.எஸ்.பி. என்னிடம் வந்தார். "தாசில்தார், நீங்க எழுதிக் கொடுங்க. ஒண்ணு இவங்களைத் திருப்பி அனுப்பறேன், இல்லைன்னா அவங்களை அடிச்சுக் கலைக்கறேன். எதுன்னாலும் உங்க கையெழுத்து வேணும்."

எதை எழுதினாலும் ரத்தம். ஒரு தாளை எடுத்து வைத்துக்கொண்டு நின்றேன். கை ஈரத்தில் தாள் ஓரம் நனைந்தது. அப்போது எனக்கு வந்த யோசனைக்குப் பெருமை எதுவும் இல்லை. பல வருடத்துக்கு முன் பச்சை மசியா நீல மசியா என்று கேட்ட கேள்வியில் நான் மாட்டிக்கொண்டது நினைவுக்கு வந்தது, அவ்வளவுதான். "அரை மணி நேரம் கொடுங்க" என்றேன்.

தாளின் தலைப்பில் இப்படி எழுதினேன்: நீதிமன்ற உத்தரவுப்படி பொதுச் சாலையில் செல்லும் சவ ஊர்வலத்தைக் கீழே கையொப்பமிட்டுள்ள நாங்கள் தடுக்கிறோம். கிராம நிர்வாக அலுவலர் குடை பிடிக்க, முள்ளைத் தாண்டி அந்தப் பக்கம் போனேன்.

"யாரையும் போகச் சொல்ல வரல. மறிக்கிறவங்க பேரையும் கையெழுத்தையும் மட்டும் நீதிமன்றத்துக்கு அனுப்பணும். வரிசையாப் போடுங்க" என்று முதல் ஆளிடம் நீட்டினேன்.

அவன் படித்தான். "நான் சும்மா வேடிக்கை பாக்க வந்தேன் சார்."

இரண்டாவது ஆள் பெரியப்பாவிடம் கேட்டுவிட்டு வருவதாகப் போனான். பெரியப்பா அவனுக்கு முன்பே போயிருந்தார். மூன்றாவது ஆளுக்குக் கையெழுத்துப் போடத் தெரியாதாம். "கைநாட்டு போதும், மை இருக்கு" என்றேன். அவருக்குச் சட்டென்று மாட்டுக்குத் தண்ணீர் காட்டும் நினைவு வந்தது, அந்த மழையில். ஒருவன் மகன் போலீஸ் தேர்வு எழுதியிருந்தான். ஒருவன் பாஸ்போர்ட்டுக்கு விண்ணப்பித்திருந்தான். நான் அவசரப்படவில்லை. ஒவ்வொருவராகப் பெயர் சொல்லி, பேனா மூடியைக் கழற்றி நீட்டினேன். கம்புகள் ஓரமாகச் சுவரில் சாய்ந்தன. செல்போனில் படம் எடுத்துக்கொண்டிருந்தவர்கள் போனைப் பைக்குள் போட்டார்கள்.

கடைசியில் ஒருவர் நின்றார். கூட்டுறவுச் சங்கத்தில் செயலாளராக இருந்து ஓய்வு பெற்றவர், முள்ளை வெட்டச் சொன்னவரும் அவர்தான். தாளை வாங்கி இரண்டு தடவை படித்தார்.

"தடுக்கிறோம்னு எழுதியிருக்கேரு. ஆட்சேபிக்கிறோம்னு மாத்தும்."

"ஆட்சேபிக்கிறதா இருந்தா ஓரமா நின்னு ஆட்சேபிக்கலாம் அண்ணாச்சி. நடுரோட்டுல முள்ளைப் போட்டா அது தடுக்கிறதுதான்."

அவர் திரும்பிப் பார்த்தார். தெரு காலியாக இருந்தது. தாளை என்னிடம் கொடுத்துவிட்டு ஒரு கூரைச் சரிவின் கீழ் போய் நின்றார். முள்ளை எடுக்கத் தலையாரியைக் கூப்பிட்டேன். அவர் அந்தத் தெருக்காரர். காது கேட்காதது போல மழையைப் பார்த்துக்கொண்டிருந்தார். நானே இழுத்தேன். உள்ளங்கை கிழிந்தது. இரண்டு கிளை போனதும் ஒரு போலீஸ்காரர் லத்தியால் தள்ளிவிட வந்தார்.

பாடை தெருவுக்குள் நுழைந்தது. கதவுகளெல்லாம் சாத்தியிருந்தன. செயலாளர் நின்ற இடத்துக்கு நேராக வந்தபோது மேற்படியார் அவரைப் பார்த்து, "உள்ள தள்ளி நில்லும்வே, நனையுதீரு" என்றார். அந்த ஊரில் பிறந்ததிலிருந்து அந்த மனிதரை ஐயா என்று மட்டுமே கூப்பிட்ட வாய் அது. சமமானவர்களிடம் மட்டும் சொல்லும் அந்த ஒரு 'வே'யைக் கேட்ட செயலாளரின் முகம் போன போக்கை நான் என்றும் மறக்க மாட்டேன். ஆனாலும் அவர் உள்ளே தள்ளித்தான் நின்றார்.

தெரு முடிந்ததும் மேற்படியார் ஒரு பாலத்துச் சுவரில் உட்கார்ந்தார். அதுவரை அழாதவர் வாய்விட்டு அழுதார். தலை கலைந்து நெற்றியில் ஒட்டியிருந்தது. சீப்பை எடுக்கவில்லை.

மூன்று வாரத்தில் என்னை ராதாபுரம் பக்கம் மாற்றினார்கள். நிர்வாகக் காரணம் என்று எழுதியிருந்தது. என் மாமனார் வீட்டுக் கல்யாணம் ஒன்றுக்கு எனக்குப் பத்திரிகை வரவில்லை. இரண்டையும் தாங்கிக்கொண்டேன். அந்தத் தாளைப் பற்றிப் பின்னால் சிலர் என்னை மெச்சினார்கள். காலையில் சாவு வீட்டுக்குப் போய் நான் காதருகே சொன்னதை அவர்களிடம் சொல்லவில்லை. உங்களிடம்தான் சொல்கிறேன். நல்ல பெயர் வாங்கிய நாளில் நாம் செய்த அசிங்கத்தை ஒளித்து வைக்கும் திறமை நம் துறையில் எல்லோருக்கும் இருக்கிறது.

மேற்படியார் சில வருடங்களுக்கு முன் இறந்தார். அவரையும் அதே தெரு வழியாகத்தான் கொண்டு போனார்கள். யாரும் மறிக்கவில்லை. மாறாக, எல்லாக் கட்சிக்காரர்களும் மாலையோடு வந்துவிட்டார்கள். பெஞ்சில் தூங்கிப்போன கதையை ஒருவர், அடிமைச் சங்கிலியைத் திட்டமிட்டு உடைத்த நாள் என்றார். இன்னொருவர், மறைந்த தலைவரின் கணீர்க் குரல் இன்னும் காதில் ஒலிக்கிறது என்றார்.

அதற்குப் பிறகு வந்தது சிலை. காலனி இளைஞர்கள் குழு அமைத்து, ஒரு சிற்பியிடம் சொல்லி, சிமெண்டில் செய்தும்விட்டார்கள். பெரிய தெரு முனையில் வைக்க வேண்டும் என்றார்கள். பெரிய தெருக்காரர்கள் கூடாது என்றார்கள். திரும்பவும் இரண்டு வேன், திரும்பவும் அமைதிப் பேச்சுவார்த்தை. புதிதாக வந்திருந்த தாசில்தார் ஒரு சின்னப் பெண். போன் செய்து, "சார், நீங்க வந்தா ரெண்டு பக்கமும் கேப்பாங்க" என்றார். ஓய்வு பெற்றவனை யாராவது கூப்பிட்டால் அவன் போகாமல் இருப்பானா? சாப்பிட்டுவிட்டுப் போனேன்.

இரண்டு மணி நேரம் ஒரே சத்தம். அப்போது என் மூளையில் ஒரு சமரசம் உதித்தது. சிலை வேண்டாம், பெரிய தெருச் சாலைக்கு அவர் பெயரை வைத்துவிடலாம் என்றேன். இளைஞர்கள் யோசித்தார்கள். பெரிய தெருக்காரர்கள்கூட உடனே மறுக்கவில்லை. நான் சாய்ந்து உட்கார்ந்தேன். இந்தக் கிழவனுக்கு இன்னும் சரக்கு இருக்கிறது என்று எனக்கே தோன்றியது.

மேற்படியாரின் மகள் செல்வராணி அதுவரை பின்வரிசையில் இருந்தார். பாளையங்கோட்டையில் நர்ஸாக வேலை பார்க்கிறவர், டியூட்டி முடிந்து நேராக வந்திருந்தார். எழுந்து நின்றார்.

"சிலையை நான் பாத்தேன். நின்னுகிட்டு ஒரு விரலை நீட்டுத மாதிரி செஞ்சிருக்காவ. எங்கப்பா யாரைப் பார்த்தும் விரல் நீட்டினதில்ல. நின்னதும் கெடையாது, போன எடத்துல எல்லாம் உக்காந்துருவாரு" என்றார். இளைஞர்களே சிரித்துவிட்டார்கள். பிறகு என் பக்கம் திரும்பினார். "ரோட்டுக்கும் பேரு வேண்டாம் சார்."

"ஏம்மா? உங்கப்பாவுக்கு மரியாதைதானே?"

"அவரு பேரை வச்சா நாளைக்கு இது காலனிக்காரன் ரோடுன்னு ஆயிரும். அந்தால ஒருத்தன் அதை மறிப்பான், இந்தால ஒருத்தன் அதைக் காப்பாத்த நிப்பான். இது எங்க ரோடுன்னு எங்கப்பா எப்பவும் கேக்கல. எல்லாருக்கும் உள்ள ரோடுன்னுதான் கேட்டாரு. அது அப்படியே இருக்கட்டும்."

இளைஞர்களில் ஒருவன், "அப்ப அவரை எல்லாரும் மறந்துரணுமாக்கா?" என்று கேட்டான். செல்வராணி அவனைப் பார்த்தார். "எனக்குந்தான் கஷ்டமா இருக்கு" என்றார். சிலைப் பேச்சும் பெயர்ப் பேச்சும் அதோடு முடிந்தது. சிலையை என்ன செய்தார்கள் என்று கேட்பீர்கள். சிற்பி அதற்கு ஒரு மீசை வைத்து, மூக்குக் கண்ணாடியை எடுத்துவிட்டு, வேறொரு ஊருக்கு விற்றுவிட்டார். அங்கே அது வேறொரு பெரிய மனிதராக நின்று விரலை நீட்டிக்கொண்டிருக்கிறது.

கூட்டம் கலைந்து வெளியே வந்தபோது வெயில் தாழ்ந்திருந்தது. செல்வராணி பைக்கட்டைத் தோளில் மாட்டிக்கொண்டு பாளையங்கோட்டை பஸ்ஸைப் பிடிக்கக் கிளம்பினார். பெரிய தெரு வழியாகத்தான் நடந்தார். நான் முனையில் நின்று பார்த்துக்கொண்டிருந்தேன். இரண்டு பக்கமும் வாசல்களில் ஆட்கள் இருந்தார்கள். ஒருவர் போனில் பேசிக்கொண்டிருந்தார், ஒருவர் சைக்கிளுக்குக் காற்றடித்துக்கொண்டிருந்தார். யாரும் அவரை நிமிர்ந்து பார்க்கவில்லை. நடைப் படியில் வெங்காயம் உரித்துக்கொண்டிருந்த ஒரு பெண் மட்டும், "பஸ் வந்துட்டு, வெரசாப் போ" என்றாள். செல்வராணி ஓடினார்.